முயல் தோண்டிய காந்தள் வேலி

கவுதாரி ஆறு முட்டைகளின்மேல் உட்கார்ந்திருந்தது. முயல் அதன் எதிரே நின்று பின்காலால் தரையைத் தட்டிக்கொண்டே இருந்தது.

"செத்துப் போச்சு அக்கா! நம்ம வேலி செத்துப் போச்சு!"

"யாரு சொன்னா?"

"யாரு சொல்லணும்? கண்ணு இல்லையா எனக்கு? ஒரு இலை இல்ல, ஒரு தளிர் இல்ல. வெறும் சருகுப் பொடிதான் கிடக்கு!"

"சாகல. தூங்குது. நீயும் போய் நிழல்ல கொஞ்சம் படு."

முயல் படுக்கவில்லை. நிம்மதியாக ஓரிடத்தில் படுத்தால் அது முயலே இல்லை.

அவை இருந்தது காட்டோரத்துக் குளத்தை ஒட்டிய ஒரு மேடு. மேட்டின் நடுவே காரைப் புதர்கள். புதருக்குள் கவுதாரியின் கூடு. மேட்டைச் சுற்றிலும் வளையமாகச் செங்காந்தள் வளர்ந்திருந்தது. அதுதான் முயல் சொன்ன வேலி.

அந்த வேலி தானாக வரவில்லை. கவுதாரி மூன்று வருஷத்துக்கு முன் காந்தள் விதையைக் கொண்டுவந்து போட்டது. முதல் வருஷம் ஒரே ஒரு இலை வந்தது. இரண்டாம் வருஷம் முழ நீளத்துக்குக் கொடி வந்தது. மூன்றாம் வருஷ மழைக்குத்தான் இலைநுனியெல்லாம் சுருண்டு காரை முள்ளைப் பற்றிக்கொண்டு ஏறி, மஞ்சளும் சிவப்புமாகப் பூத்து நின்றது. களை பறித்ததும் ஆட்டுக்குட்டிகளை விரட்டியதும் முயல். அந்தப் பெருமையைக் கேட்காதவர் காட்டில் கிடையாது.

பூ அழகுதான். ஆனால் காவல் பூவில் இல்லை, மண்ணுக்கடியில் இருந்தது. காந்தளின் கிழங்கு கலப்பை வடிவத்தில் வளைந்திருக்கும். உள்ளே கடும் விஷம். போன ஐப்பசியில் ஒற்றைப்பல்லன் என்ற காட்டுப்பன்றியின் தம்பி, பசி வேகத்தில் அதில் ஒன்றைத் தோண்டித் தின்றது. பொழுது சாய்வதற்குள் எச்சில் ஒழுக, குளக்கரையில் விழுந்து செத்துக் கிடந்தது. அன்றிலிருந்து ஒற்றைப்பல்லன் மேட்டுப் பக்கம் மூக்கை நீட்டுவதே இல்லை.

பன்றி ஏறாத இடம் என்பதால்தான் கவுதாரி அங்கே முட்டையிட்டது. அதன் துணையைப் போன மாதம் பருந்து தூக்கிக்கொண்டு போய்விட்டது. மிஞ்சியது இந்த ஆறு முட்டைகள்தான்.

தை மாதத்தில் கொடிகள் பழுத்தன. மாசியில் காய்ந்தன. பங்குனி வெயிலில் சருகும் பொடிந்துபோனது. முயலுக்கு அப்போது பிடித்த பயம் சித்திரை பிறந்தும் விடவில்லை.

பயம் வந்தவனைத் தேடிக்கொண்டு எவனாவது வருவான். முயலைத் தேடி மைனா வந்தது.

"என்ன தம்பி, முகமெல்லாம் வாடிக் கிடக்கு?" என்றது மைனா, காரைக் கொம்பில் உட்கார்ந்து.

"வேலி தூங்குதுன்னு அக்கா சொல்லுது. எனக்கு நம்பிக்கை வரல."

"தூங்குதா? ரெண்டு மாசமாவா? நல்ல தூக்கம்!" மைனா சிரித்தது. "உசுரோட இருக்கிற செடி தண்ணி கேட்கும் தம்பி. ஊத்திப் பாரு. தளிர்த்தா இருக்கு. தளிர்க்காட்டி இல்ல."

முயலுக்கு அது நியாயமாகப் பட்டது. குளத்தில் மிச்சமிருந்தது ஒரே ஒரு குட்டை. முயல் அதில் விழுந்து புரளும். சொட்டச் சொட்ட மேட்டுக்கு ஓடிவரும். கிழக்குப் பக்கத்தில் நின்று உடம்பை உதறும். மறுபடியும் ஓடும். இப்படி ஒன்பது நாள்! பார்த்த அணில்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தன.

கவுதாரிக்கு விஷயம் தெரிந்ததும் கோபம் வந்தது. "அடப் பாவி! கோடையில அதுக்குத் தண்ணி ஆகாதுடா. கிழங்கு அழுகிப் போயிடும். மழை வந்தா அதுவா எழுந்திருக்கும். சும்மா விடு!"

சும்மா விடுவதுதான் முயலுக்குத் தெரியாத ஒரே வேலை. பத்தாம் நாள் மண்ணைக் கிளறி ஒரு கிழங்கை எடுத்துப் பார்த்தது. அழுகியிருந்தது! நாற்றம் தாங்கவில்லை.

"பார்த்தியா?" என்றது மைனா. அது முயலின் தலைக்கு மேலேயே காத்திருந்தது. "ஒண்ணு அழுகிட்டா எல்லாம் அழுகின மாதிரிதான். பன்றிக்கு இது தெரிஞ்சா என்ன ஆகும்? உங்க அக்கா முட்டை என்ன ஆகும்? எனக்கே வயித்தக் கலக்குது!"

"இப்ப என்ன செய்ய?"

"எல்லாத்தையும் பிடுங்கிப் போடு. நித்தியகல்யாணி விதை நான் கொண்டு வர்றேன். வருஷம் முழுக்கப் பூக்கும். வாயில வச்சா அதுவும் கசப்புதான். எப்பவும் பச்சையா நிக்கிற வேலி இருக்கும்போது, இந்தத் தூங்குமூஞ்சி வேலி எதுக்கு?"

மைனாவுக்குக் காந்தள்மேலும் அக்கறை இல்லை, கல்யாணிமேலும் அக்கறை இல்லை. அதற்கு வேண்டியது புழு. வெயிலில் காட்டு மண் இறுகிப்போயிருந்தது. அலகு இறங்கவில்லை. பன்றி நிலத்தை உழுதால் பின்னாலேயே போய்ப் புழு பொறுக்கலாம். காட்டில் இன்னும் பொலபொலவென்று இருந்தது இந்த மேட்டு மண் ஒன்றுதான். ஆனால் பன்றியோ கிழங்கு வாசனைக்குப் பயந்து மேட்டில் ஏறமாட்டேன் என்றது. அதனால், கிழங்கைக் காக்க வேண்டியவனைக் கொண்டே கிழங்கைப் பிடுங்க வைக்க வேண்டும் என்று மைனா கணக்குப் போட்டது.

முயல் கவுதாரியிடம் கேட்கவில்லை. கேட்டால் என்ன பதில் வரும் என்று அதற்குத் தெரியும். கூட்டிலிருந்து பார்த்தால் கிழக்குச் சரிவு தெரியாது. மத்தியான வெயிலில் முயல் அங்கே தோண்டத் தொடங்கியது.

நகத்தால் பறித்தது. காலால் உதைத்தது. கிழங்குகள் ஒடிந்தன. துண்டுகள் மண்ணோடு மண்ணாகச் சிதறின. பெரிய கிழங்குகளைச் சரிவில் உருட்டிக் குளத்துப் பள்ளத்தில் தள்ளியது. அவற்றில் பல கெட்டியாக, வெளுப்பாக, நன்றாகத்தான் இருந்தன. முயல் அதைப் பார்த்தது. பார்த்தும் நிறுத்தவில்லை. ஒரு வேலையைத் தொடங்கிவிட்டால், தப்பு என்று தெரிந்த பிறகுதான் சிலருக்குக் கை இன்னும் வேகமாக ஓடும்.

கிழக்குப் பக்கம் முழுவதும் தீரும் நேரம். முயலின் நகத்தில் மெத்தென்று ஏதோ தட்டுப்பட்டது.

"எவண்டா அது, என் வீட்டுக் கூரையைப் பிரிக்கிறது?"

மண்ணுக்குள்ளிருந்து ஒரு தவளை முழித்துப் பார்த்தது. உடம்பெல்லாம் புழுதி.

"நீ... நீ செத்துப் போகலையா?" என்றது முயல்.

"நான் எதுக்குச் சாகணும்? வெயில் போகட்டும்னு படுத்திருக்கேன். மழைச் சத்தம் கேட்டா எழுந்திருப்பேன். வருஷா வருஷம் இப்படித்தான். வெளிய காணோம்னா செத்துட்டேன்னு அர்த்தமா?" தவளை சுற்றிலும் பார்த்தது. அதன் தொண்டை ஆடாமல் நின்றது. "இது என்ன அநியாயம்! பக்கத்துல படுத்திருந்த கிழங்கெல்லாம் எங்கே?"

"அழுகிப் போச்சுன்னு..."

"நீ தண்ணி ஊத்தின இடத்துல அழுகியிருக்கும்! மத்ததுக்கு என்ன கேடு? ஐயோ, நுனியெல்லாம் ஒடிச்சிருக்கியே! இந்தக் கிழங்குக்கு முளை நுனியிலதான் இருக்கு. நுனி போனா முளைக்காதுடா!"

 செய்வது தெரியாதபோது முயல்கள் பாதத்தை நக்கும். இதுவும் நக்கியது.

"நக்காதே!" என்று தவளை கத்தியது. "துப்பு! மண்ணுல தேய்!"

ஆனால் நாக்கு பட்டுவிட்டது. நாக்கு எரிந்தது. தொண்டை எரிந்தது. வாயிலிருந்து எச்சில் ஒழுகத் தொடங்கியது.

அப்போது குளத்துப் பக்கமிருந்து மைனாவின் குரல் கேட்டது. "வாங்க அண்ணாச்சி! கிழக்குப் பக்கம் சுத்தமா வழிச்சாச்சு!"

ஒற்றைப்பல்லன் வந்துகொண்டிருந்தது.

முயலின் கால்கள் மரத்துப்போயின. தவளை நிற்கவில்லை. தத்தித் தத்திச் சரிவில் ஏறிப் புதருக்குள் புகுந்தது. "கவுதாரி! பறந்து போயிடு! உன் முயல் வேலியைப் பிடுங்கிட்டான். மண்ணு முழுக்க ஒடிஞ்ச துண்டுதான் கிடக்கு. பன்றி வருது!"

"போக முடியாது" என்றது கவுதாரி.

"ஏன்?"

"கேளு."

தவளை காது கொடுத்தது. ஒரு முட்டைக்குள்ளிருந்து மெல்லச் சத்தம் வந்தது. டிக். டிக். குஞ்சு ஓட்டைக் கொத்திக்கொண்டிருந்தது.

கீழே ஒற்றைப்பல்லன் தோண்டிய மண்ணின் ஓரத்தில் நின்று மோந்தது. "வாசனை இன்னும் அடிக்குதே மைனா?"

"தோண்டி எடுத்த இடத்துல வாசனை அடிக்காம இருக்குமா அண்ணாச்சி? பழைய வாசனை! கிழங்கு அத்தனையும் அதோ பள்ளத்துல கிடக்கு, நீங்களே பாருங்க!"

ஒற்றைப்பல்லன் பார்த்தது. சமாதானம் ஆனது. ஒரு அடி வைத்தது. மூக்கை மண்ணில் விட்டு ஒரு உழவு உழுதது. மைனா சந்தோஷமாகப் பின்னால் தத்தியது. பன்றி கிளறியபடியே மேலே ஏறியது. முயல் இரண்டடி தள்ளி உட்கார்ந்திருந்தது. அதைப் பன்றி பொருட்டாகவே நினைக்கவில்லை.

காரைப் புதர் மடமடவென்று ஒடிந்தது. மறைப்பு போய், கூட்டிலிருந்தே கிழக்குச் சரிவு தெரிந்தது. பெரிய மூக்கு ஒன்று கூட்டுக்குள் நுழைந்தது. ஓரத்து முட்டை ஒன்று அதில் இடிபட்டு உருண்டது. சரிவில் உருண்டு போய், முயல் தோண்டிய பள்ளத்தில் விழுந்து உடைந்தது.

கவுதாரி பறக்கவில்லை. மிச்சமிருந்த ஐந்தையும் இறக்கைக்குள் இழுத்துக்கொண்டது.  பன்றியைப் பார்த்துச் சொன்னது.

"போய் அதை நக்குங்க அண்ணாச்சி! சூடா இருக்கு. மண்ணோட சேர்த்து நக்குங்க!"

ஒற்றைப்பல்லன் நின்றது. முட்டையைக் கொடுத்துவிட்டுத் தின்னச் சொல்லும் தாயை அது கண்டதில்லை.

"மண்ணுல என்ன இருக்கு?"

"முழுக் கிழங்குன்னா உங்க மூக்கு கண்டுபிடிச்சிடும். இவன் நகத்தால நொறுக்கிப் போட்டிருக்கான். எள்ளளவு துண்டு, கடுகளவு துண்டு. எங்க இருக்குன்னு எங்களுக்கே தெரியாது. வாசனை அடிக்குதுன்னு நீங்கதானே சொன்னீங்க? அது பழைய வாசனையா?"

"பொய்! பொய்!" என்று மைனா கத்தியது. "உசுருக்குப் பயந்து புளுகுறா!"

"புளுகா? அந்த முயலைப் பாருங்க."

ஒற்றைப்பல்லன் திரும்பிப் பார்த்தது. முயலின் வாயிலிருந்து எச்சில் நூல்நூலாக ஒழுகிக்கொண்டிருந்தது. கண் செருகியிருந்தது. பன்றிக்குத் தன் தம்பி குளக்கரையில் கிடந்த கோலம் நினைவுக்கு வந்தது. அதன் முதுகு மயிர் சிலிர்த்தது.

"நீ என்ன தின்னே?" என்று கேட்டது.

"தின்... தின்னல" என்றது முயல், தடித்த நாக்கோடு. "பாதத்தைத்தான் நக்கினேன். ஒரே ஒரு தடவை."

ஒற்றைப்பல்லன் மெதுவாக மைனாவின் பக்கம் திரும்பியது.

"நீ சுத்தம்னு சொன்னே."

"சுத்தம்தான் அண்ணாச்சி!"

"உனக்கு முட்டை பிடிக்கும்."

"பிடிக்கும். ஆனா இப்ப..."

"போ. அந்த உடைஞ்ச முட்டையை நீ முதல்ல தின்னு. நான் பார்க்கிறேன்."

மைனா பள்ளத்தைப் பார்த்தது. மஞ்சள் கரு புழுதியில் பரவிக் கிடந்தது. அதன் ஓரத்தில் வெள்ளையாக ஏதோ ஒட்டியிருந்தது. ஓட்டுத் துண்டா, கிழங்குத் துண்டா, தெரியவில்லை.

"எனக்கு இன்னைக்கு வயிறு சரியில்ல அண்ணாச்சி!" என்று சொல்லிக்கொண்டே மைனா பறந்துவிட்டது.

பன்றிக்கு அதற்குமேல் சாட்சி வேண்டியிருக்கவில்லை. ஆனாலும் கூட்டில் ஐந்து முட்டைகள் இருந்தன. அவை மண்ணில் விழாதவை. அதன் கண் அங்கே போனதைக் கவுதாரி கண்டது.

"உங்க மூக்கைப் பாருங்க அண்ணாச்சி! ஏறி வரும்போது உழுத மண் அத்தனையும் மூக்குலதான் ஒட்டியிருக்கு. அந்த வாயால எதைத் தின்னாலும் அதுவும் சேர்ந்துதான் உள்ள போகும். இப்பவே உதடு எரியலையா?"

எரிந்ததோ இல்லையோ, கேட்டவுடன் எரிவதுபோல்தான் இருந்தது. ஒற்றைப்பல்லன் வாயை இறுக மூடிக்கொண்டு சரிவில் பாய்ந்து இறங்கியது. குட்டைச் சேற்றில் மூக்கைத் தேய் தேய் என்று தேய்த்தது. மறுபடி மேட்டுக்கு வரவேண்டுமானால் மறுபடி அந்த மண்ணை மிதிக்க வேண்டும். அது வரவில்லை. காட்டுக்குள் மைனாவைத் திட்டிக்கொண்டே போன சத்தம் மட்டும் கொஞ்ச நேரம் கேட்டது.

 முயல் மெல்லக் கூட்டருகே வந்தது.

"அக்கா..."

கவுதாரி அதைப் பார்க்கவில்லை. "குளத்துப் பள்ளத்துக்குப் போ. நுனி ஒடியாத கிழங்கு எத்தனை இருக்கோ, அத்தனையும் பொறுக்கிட்டு வா. ஒரு சாண் ஆழத்துல படுக்க வை. மண்ணை மூடு. பாதத்தை நக்காதே."

முயல் போனது. எரிகிற வாயோடு பொழுது இறங்கும்வரை பொறுக்கியது. மூன்றில் ஒரு பங்குகூடத் தேறவில்லை. தவளை கூடவே தத்தி வந்து, "இது ஆகும், இது ஆகாது" என்று சொல்லிக்கொண்டிருந்தது. கடைசிக் கிழங்கை மூடியதும், அதன் பக்கத்திலேயே தவளையும் பின்பக்கமாக மண்ணுக்குள் இறங்கியது. "மழை வந்தா பார்ப்போம். அதுவரை என் கூரையைத் தொட்டே, தொலைச்சிடுவேன்!"

மறுநாள் காலையில் ஐந்து குஞ்சுகள் வெளியே வந்தன. முயல் எண்ணியது. ஒன்று, இரண்டு, மூன்று, நான்கு, ஐந்து. அடுத்த எண்ணைச் சொல்ல வாய் போய் நின்றுவிட்டது. அதற்கப்புறம் எப்போது எண்ணினாலும் ஐந்தோடு நிறுத்திவிட்டுக் கிழக்குச் சரிவைப் பார்க்கும்.

சித்திரை போனது. வைகாசியும் முக்கால்வாசி போனது. முயல் கிழக்குப் பக்கத்திலேயே காவல் இருந்தது. பிறகு ஒரு நாள் காற்று திரும்பியது. மழை கொட்டியது.

நாலாம் நாள் மேற்குப் பக்கத்தில் முளை கண்டது. ஏழாம் நாள் வடக்கும் தெற்கும் பச்சை பிடித்தன. தவளை எழுந்து வந்து குளத்தில் விழுந்து கத்தத் தொடங்கியது. கிழக்குப் பக்கம் மட்டும் வெறும் மண்ணாகக் கிடந்தது.

பத்தாம் நாள் மைனா வந்து காரைக் கொம்பில் உட்கார்ந்தது.

"பாவம் தம்பி! உன் பக்கம் மட்டும் செத்துப் போச்சே!"

முயல் அந்த வெறும் மண்ணையே பார்த்தது.

"ஒரே ஒரு இடத்துல கிளறிப் பாரேன். ஒரு விரல் ஆழம். இருக்கா இல்லையான்னு தெரிஞ்சிடும். தெரிஞ்சுக்கிறதுல என்ன தப்பு?"

முயலின் முன்பாதங்கள் துடித்தன. தெரிந்துகொள்ள வேண்டும் என்று உயிரே தவித்தது. புதரடியில் கவுதாரி குஞ்சுகளோடு நின்று பார்த்துக்கொண்டிருந்தது. 

முயல் இரண்டு பாதங்களையும் வயிற்றுக்கடியில் மடித்து, அவற்றின்மேலேயே படுத்துக்கொண்டது.

"இருந்தா வரட்டும்" என்றது. "நான் தோண்டமாட்டேன்."

மைனா அன்றும் வந்தது, மறுநாளும் வந்தது. முயல் பாதத்தை வெளியே எடுக்கவில்லை. பதினாறாம் நாள் காலையில் அதன் மூக்குக்கு நேரே மண் லேசாக வெடித்தது. வெடிப்பிலிருந்து பச்சையாக ஒரு முனை எட்டிப் பார்த்தது.

"அக்கா!" என்று முயல் அலறியது.

கவுதாரி ஓடிவந்து பார்த்தது. ஐந்து குஞ்சுகளும் பின்னால் ஓடிவந்தன. கவுதாரி அந்த முளையைப் பார்த்தது. பிறகு, அன்றைக்குப் பிறகு முதல் தடவையாக, முயலின் முகத்தைப் பார்த்தது.

"இந்த வருஷம் பூக்காது" என்றது. "அடுத்த வருஷமும் சந்தேகம்தான்."

"இருக்கட்டும் அக்கா. நான் இங்கேயே படுத்துக்கிறேன்."

கண்ணுக்குத் தெரியவில்லை என்பதற்காக மண்ணுக்குள் உறங்குவதைத் தோண்டிப் பார்க்கிறவன், தன் வேலியைத் தன் கையாலேயே பிடுங்கிப் பகைவனுக்கு வழி விடுகிறான்.